வானொலிக்குக் கணக்குக் கேட்பவர் யார்?

(பெரம்பலூர், அரியலூர் ஜில்லாக்களின் கிராமக் கூட்டுறவுச் சங்க அங்கத்தினர்களுக்கு நிகழ்த்திய உபந்யாசம்)



ரேடியோவைப் பற்றிக் கிராமங்களில் இருவகை அபிப்பிராயங்கள் வழங்குகின்றன. அது சர்க்காரின் குரல், ஆகையால் அதில் வருவதெல்லாம் உண்மை என்பது ஒன்று. அது சர்க்காரின் குரல், ஆகையால் அதில் வருவது எதுவும் நம்பத்தக்கதன்று என்பது மற்றொன்று. இரண்டும் ஒரே தவறான எண்ணத்தினின்று பிறந்தவை. பொது ஒலிபரப்பு என்பது ஜனங்கள் கொடுக்கும் பணத்தைக்கொண்டு, ஜனங்களுக்குச் சொந்தமான ஆகாயத்தின் வழியாக, லாபத்தைக் கருதாது நடத்தப்பட வேண்டிய ஓர் ஊழியம். அது சர்க்காரின் சொத்தன்று, வியாபாரியின் சரக்குமன்று.

இவ்விஷயத்தை நாணய சங்கத்து அங்கத்தினர் ஒருவருக்கு விளக்கிச் சொல்வது எளிது. சங்கத்தின் பணத்தைப் பஞ்சாயத்தார் கையாளுகிறார்கள். அவர்கள் நல்லவர்களாயிருக்கலாம்; கெட்டிக்காரர்களாயுமிருக்கலாம். ஆயினும் வருஷந்தோறும் பொதுக்கூட்டம் கூட்டி, வரவு செலவைப் படித்து, கேட்கிற கேள்விக்குப் பதில் சொல்லாவிட்டால், அச்சங்கத்தைச் சங்கமென்று ஒருவரும் மதியார். ஒலிபரப்பையும் இதே தராசில் நிறுக்க வேண்டும். நகரத்துப் பத்திரிகைகளில் ரேடியோ விமர்சனம் எழுதுவோர் நேற்றைய கச்சேரி எப்படி, நாடகத்தில் உச்சரிப்பு எப்படி என்று பார்க்கிறார்கள். அதுவும் வேண்டியதே. கிராமத்தார் முதலில் பார்க்க வேண்டியதோ வேறு. பேசுகிறவர்கள், கேட்கிறவர்களின் வார்த்தை தங்கள் காதில் விழும்படி ஒரு வழி வைத்திருக்கிறார்களா என்பதே அது.

சென்னையில் 1924-ஆம் வருஷம் சி. வி. கிருஷ்ணசாமிச் செட்டியாரின் முயற்சியால் ஏற்பட்ட மாகாண ரேடியோ கிளப்பே இப்பக்கத்தில் முதன்முதலாக ஒலிபரப்பு நடத்திற்று. பணமுடையால் 1927-ல் அது நின்றுபோக, அதன் கருவியைப் பெற்ற சென்னை நகரசபை 1930 ஏப்ரல் 1 முதல் அவ்வேலையை மேற்கொண்டு, 1938 ஜூன் 16-ல் அகில இந்திய வானொலியின் சென்னை நிலையம் திறக்கப்படும் வரையில் நடத்தி வந்தது. தெருவிளக்குப் போடுவதும் குழாய்த் தண்ணீர் விடுவதும் போலப் பாட்டையும் பேச்சையும் ஜனங்களுக்கு அளிப்பது நகரசபையின் கடமைகளுள் ஒன்று என்று கொண்டவர்கள் அக்காலத்திலேயே இருந்தனர். திருச்சிராப்பள்ளி நிலையம் 1939 மே 16-ல் திறக்கப்பட்டது. பெரம்பலூர், உடையார்பாளையம் பகுதிகள் அப்போது திருச்சிராப்பள்ளி ஜில்லாவைச் சேர்ந்தவை. பெரம்பலூர் 1995-ல் தனி ஜில்லாவாயிற்று. அரியலூர் ஒரு முறை பிரிந்து, மீண்டும் சேர்ந்து, முடிவில் 2007-ல் தனித்து நின்றது. ஜில்லாக்கள் பிரிந்தபோதிலும் வானொலி திருச்சியிலிருந்தேதான் வந்துகொண்டிருக்கிறது.

1947-ல் சுதந்திரம் வந்தபோது இந்தியாவின் பங்குக்குக் கிடைத்த நிலையங்கள் ஆறே: தில்லி, பம்பாய், கல்கத்தா, சென்னை, லக்னோ, திருச்சிராப்பள்ளி. இவற்றின் ஒலி தேசத்தின் பரப்பில் நூற்றுக்கு இரண்டரைப் பங்கையும், ஜனத்தொகையில் நூற்றுக்கு 11 பங்கையுமே எட்டிற்று. தேசம் முழுவதிலும் இருந்த ரேடியோப் பெட்டிகள் ஏறக்குறைய 2,75,000. அந்த ஆறில் ஒன்று இப்பக்கத்திலேயே அமைந்திருந்தது சாமானியமான பாக்கியமன்று. அதனை இப்பக்கத்தார் தங்களுடையதாக எண்ணினார்களா என்பதுதான் கேள்வி.

கிராமத்துக்கு ரேடியோ வேண்டுமென்று முதலில் வாதாடியவர்களுள் ஒருவர் கூட்டுறவுத் துறையைச் சேர்ந்தவர் என்பது அங்கத்தினர் பலருக்குப் புதிய செய்தியாயிருக்கலாம். ஸ்டிரிக்லண்டு துரை என்பவர் பஞ்சாபில் கூட்டுறவுச் சங்கங்களின் ரிஜிஸ்திராராக இருந்தவர். எழுத்தறியாத குடியானவனுக்குப் புஸ்தகம் அனுப்பிப் பயனில்லை, அதிகாரியை அனுப்பினால் வருஷத்துக்கு ஒரு நாள்தான் வருவார், ஆகையால் குரலை அனுப்ப வேண்டும் என்பது அவர் கட்சி. 1930-களில் இங்கிலாந்தில் அவர் இதற்காக இடைவிடாது பேசியும் எழுதியும் வந்தார். பெஷாவரிலும் அலகாபாத்திலும் பரீக்ஷைகள் நடந்தன. 1936-ல் தில்லி நிலையம் சுற்றுவட்டாரக் கிராமங்களுக்கென்று தனி நிகழ்ச்சி தொடங்கிற்று.

அப்போது தில்லிப் பக்கத்துக் கிராமங்களில் வைத்த பெட்டிகளின் அமைப்பு கவனிக்கத் தக்கது. பாட்டரியில் ஓடும் அப்பெட்டி பூட்டப்பட்டிருக்கும். ஒரே நிலையத்துக்குத் திருப்பி நிறுத்தப்பட்டிருக்கும். உள்ளே ஒரு கடிகாரம் இருந்து, குறித்த நேரத்தில் தானே பேசச் செய்யும். குறித்த நேரத்தில் தானே வாயடைக்கும். கிராமத்தார் சத்தத்தைக் கூட்டவோ குறைக்கவோ, வேறு நிலையத்தைக் கேட்கவோ கூடாது. திருகாணியைத் திருகிக் கெடுத்துவிடுவார்கள் என்றும், பாட்டரி வீணாகிவிடும் என்றும் காரணம் சொல்லப்பட்டது. காரணம் பொய்யன்று, பாட்டரி அக்காலத்தில் விலை உயர்ந்த பொருள். ஆயினும் பெட்டியின் பூட்டு வெறும் பூட்டாக மட்டும் இருக்கவில்லை. கேட்பவனுக்குக் காது மட்டும் உண்டு, கையும் வாயும் இல்லை என்ற எண்ணமே இரும்பில் அடிக்கப்பட்டு அங்கே தொங்கிற்று. பூட்டு போய் எத்தனையோ வருஷங்களாகின்றன. எண்ணம் அவ்வளவு சீக்கிரத்தில் போகவில்லை.

சுதந்திரத்துக்குப் பின் வந்தவர்களும் இந்த எண்ணத்தினின்று விடுபட்டார்களில்லை. 1952 முதல் 1962 வரையில் மத்திய சர்க்காரில் ஒலிபரப்பு மந்திரியாயிருந்த டாக்டர் கேஸ்கர், ஜனங்களுக்குச் சாஸ்திரீய சங்கீதமே நல்லதென்று கருதிச் சினிமாப் பாட்டைப் பெரும்பாலும் விலக்கினார். அவருடைய நோக்கம் உயர்ந்ததே. பலன் என்னவாயிற்று? கடலுக்கு அப்பால் இலங்கையில், யுத்த காலத்தில் சேனையினருக்காக அமைத்த பலமான டிரான்ஸ்மிட்டர் ஒன்று இருந்தது. இலங்கை வானொலி அதைக்கொண்டு வர்த்தக ஒலிபரப்பு நடத்திற்று. தமிழ்நாட்டார் அப்பக்கம் திரும்பினர். மயில்வாகனனின் குரல் இங்குள்ள அறிவிப்பாளர்களின் குரலைவிடத் தெரிந்த குரலாயிற்று. தில்லி தன் தவற்றை உணர்ந்து 1957 அக்டோபர் 3-ல் விவித் பாரதி என்ற இலகுவான நிகழ்ச்சியைத் தொடங்கியது. ஆயினும் ஒருமுறை கைவிட்டுப்போன கேட்பவரைத் திரும்ப அழைப்பது பிரயாசையான காரியம். இதனால், சினிமாப் பாட்டுப் போடுவதே பொதுஜன சேவை என்று கொள்ளலாகாது. கேட்பவரை மதியாத ஊழியம், நல்ல எண்ணத்துடன் செய்யப்பட்டாலும், ஆளில்லாத சாவடியில் பேசும் பேச்சாகிவிடும் என்பதே இதில் காணத் தக்கது.

இதற்கு மாற்று வழியும் இந்தியாவிலேயே பரீக்ஷிக்கப்பட்டிருக்கிறது. கானடா தேசத்தில் 1941 முதல் குடியானவர்கள் சிறு கூட்டங்களாக அண்டை வீடுகளில் கூடி, ரேடியோவில் வரும் விவாதத்தைக் கேட்டு, தங்களுக்குள் பேசி, தங்கள் முடிவை எழுதி அனுப்பி வந்தனர். அவர்களனுப்பிய முடிவுகளின் சுருக்கம் ரேடியோவிலேயே திரும்ப வாசிக்கப்பட்டது. 1956-ல் யுனெஸ்கோ ஸ்தாபனத்தின் உதவியோடு புனா வானொலி நிலையம் இந்த முறையைப் பம்பாய் ராஜ்யத்தின் ஐந்து ஜில்லாக்களில் 150 கிராமங்களில் நடத்திப் பார்த்தது. பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை வாரத்தில் இரண்டு நாள், ஒவ்வொரு நாளும் அரைமணி நேரம், ஆக 20 நிகழ்ச்சிகள். ஒவ்வொரு கிராமத்திலும் 12 முதல் 20 பேர் கூடினர். ஒருவர் தலைவர், ஒருவர் எழுதுபவர். கேட்டு முடிந்தவுடன் பெட்டியை நிறுத்திவிட்டுத் தங்கள் ஊரில் இது நடக்குமா, நடக்காதா என்று பேசினர். சந்தேகங்களும் ஆக்ஷேபங்களும் தபாலில் நிலையத்துக்குப் போயின. பதில்கள் பின்வந்த நிகழ்ச்சிகளில் வந்தன.

டாட்டா சமூக விஞ்ஞான ஸ்தாபனத்தார், பால் நியூராத் என்ற அறிஞரைக்கொண்டு, இதன் பலனை அளந்தனர். அவர்கள் செய்த ஒரு காரியம் மிகவும் புத்திசாலித்தனமானது. கூடிப்பேசும் கிராமங்களை மட்டும் பாராமல், ரேடியோ இருந்தும் கூட்டமில்லாத கிராமங்களையும், ரேடியோவே இல்லாத கிராமங்களையும் சேர்த்துப் பார்த்தனர். கூடிப்பேசிய கிராமங்களில் விஷய ஞானம் பெரிதும் உயர்ந்திருந்தது. மற்ற இரண்டு வகைக் கிராமங்களிலும் உயர்வு சொற்பமே. அதிலும் ரேடியோ இருந்த ஊருக்கும் இல்லாத ஊருக்கும் பெரிய வித்தியாசம் காணவில்லை. வெறும் பெட்டியால் காரியம் இல்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி வேண்டுமா? 1959-ல் இம்முறை தேசம் முழுவதும் பரப்பப்பட்டது. ஆனால் பரவியபோது புனாவில் இருந்த கவனம் கூடவே பரவவில்லை. கூட்டங்கள் கணக்கில் ஏறின. கடிதத்துக்குப் பதில் சொல்லும் கையைக் காணோம். பூனாவில் பரீக்ஷை வெற்றி பெற்றதற்குக் காரணம் பெட்டிகளன்று, பதில்களே என்பதைத் திட்டம் வகுத்தவர்கள் மறந்தார்கள் போலும். இன்னொரு குறையுமுண்டு. சாவடியிலும் பஞ்சாயத்துக் கட்டிடத்திலும் பெட்டி வைத்த ஊர்களில், பெண்கள் தாராளமாக வந்து உட்காரும் இடமாக அது அமையவில்லை. களையெடுப்பவரும் நாற்று நடுபவரும் விதை காப்பவரும் பெரும்பாலும் அவர்களே என்பதை நினைத்தால், இக்குறை அற்பமானதன்று.

புனாவுக்குப் போக வேண்டாம்; கொள்ளிடத்தின் அக்கரையிலேயே இதைவிடக் கண்கூடான ஒரு திருஷ்டாந்தம் இருக்கிறது. ஆடுதுறை நெல் ஆராய்ச்சி நிலையத்தார் ஜப்பானிய ரகம் ஒன்றையும் ஜி. இ. பி. 24 என்ற ரகத்தையும் கலந்து ஏ. டி. டி. 27 என்ற குறுவை நெல்லை உண்டாக்கினர். ஏறக்குறைய 105 நாளில் விளைவது. உரத்தை ஏற்றுப் பலன் கொடுப்பது. 1960-களின் நடுவில் அது தஞ்சை ஜில்லாக் குடியானவர்களுக்கு வந்தது. 1966-ல் திருச்சி வானொலி நிலையத்தில் பண்ணை ஒலிபரப்புக்கென ஒரு தனிப் பிரிவு ஏற்பட்டு, விதைப்பு முதல் அறுப்பு வரை அந்தந்தப் பருவத்துக்குரிய யோசனைகளை அந்தந்த வாரத்தில் சொல்லிவந்தது. குடியானவர்கள் அந்த நெல்லுக்கு ஆராய்ச்சி நிலையத்தார் இட்ட பெயரை விட்டு 'ரேடியோ நெல்' என்றே பெயரிட்டார்கள். ஒலிபரப்பு ஒன்றுக்கு உலகில் இதைவிடப் பெரிய விருது கிடைத்திருப்பதாகத் தெரியவில்லை. விதைக்கு விலை கொடுத்து வாங்குகிறவன் வைத்த பெயர் அது.

இக்கதையைச் சொல்பவர்கள் வானொலியின் புகழோடு நிறுத்திவிடுவது வழக்கம். மீதியைக் கூட்டுறவாளர்கள் மறக்கலாகாது. 1960-ல் தஞ்சை ஜில்லாவில் தீவிர விவசாயத் திட்டம் தொடங்கியபோதே, கூட்டுறவுக் கடன் அதன் அங்கமாக்கப்பட்டது. வானொலியில் இந்த வாரம் மேலுரம் இடுக என்று சொன்னால், உரம் சங்கத்துக் கிடங்கில் இருந்தது. வாங்கப் பணமில்லாதவனுக்குச் சங்கத்தில் கடன் இருந்தது. சந்தேகம் கேட்க விஸ்தரிப்பு அதிகாரி இருந்தார். கிடங்கு காலியாயிருக்கும்போது உரம் இடுக என்று சொல்லும் வானொலி, பசித்தவனுக்குச் சமையல் விதி படிப்பதைப் போன்றது. ஆகையால் ரேடியோ நெல்லின் புகழில் ஆடுதுறைக்கு ஒரு பங்கு, திருச்சி நிலையத்துக்கு ஒரு பங்கு, கிராமத்துச் சங்கத்துக்கு ஒரு பங்கு என்று பாகம் பிரிப்பதே நியாயம்.

நெல் விஷயத்தில் வானொலி நம்பப்பட்டது. செய்தி விஷயத்தில் அவ்வாறு நம்பப்பட்டதா? 1942-ல் சர்க்கார் ரேடியோ ஒரு கதை சொல்ல, பம்பாயில் உஷா மேத்தாவும் தோழர்களும் ஆகஸ்டு முதல் நவம்பர் வரை மறைவிடங்களிலிருந்து காங்கிரஸ் ரேடியோ நடத்தி வேறு கதை சொன்னார்கள். அது அன்னிய ஆட்சி என்று விட்டுவிடலாம். 1975 ஜூன் முதல் 1977 மார்ச்சு வரை நடந்த அவசரநிலைக் காலத்தில் ஆண்டது சொந்த சர்க்காரே. அப்போதும் வானொலி ஆள்வோரின் வார்த்தையை மட்டுமே சொல்லிற்று. தேர்தலில் அவ்வாட்சி விழுந்தபின், செய்தி ஸ்தாபனங்கள் எவ்வாறு துர்விநியோகம் செய்யப்பட்டன என்பதைப் பற்றி 1977-ல் வெள்ளை அறிக்கை ஒன்று வெளியாயிற்று. அவ்வருஷமே பி. ஜி. வர்கீஸ் என்ற பத்திரிகாசிரியரின் தலைமையில் ஒரு குழு நியமிக்கப்பட்டது. வானொலியும் தொலைக்காட்சியும் சர்க்கார் இலாகாவாயிராமல் ஜனங்களுக்காக ஒரு தர்மகர்த்த ஸ்தாபனத்தின் கையில் இருக்க வேண்டும் என்று அக்குழு 1978-ல் யோசனை சொல்லிற்று. அதற்கு 'ஆகாஷ் பாரதி' என்று பெயரும் வைத்தது. இதே விதமான யோசனையை சந்தா கமிட்டி 1966-லேயே கூறியிருந்தது.

யோசனைகள் சட்டமாவதற்கு 1990 வரை ஆயிற்று. அந்தப் பிரசார் பாரதிச் சட்டம் அமலுக்கு வர 1997 வரை ஆயிற்று. இடையில் 1995-ல் சுப்ரீம் கோர்ட்டார், ஆகாய அலைகள் பொதுச் சொத்து, அவை சர்க்காருக்கோ தனியாருக்கோ ஏகபோகமானவையல்ல என்று தீர்ப்பளித்தனர். கிராமத்தார் இத்தீர்ப்பை ஏரிக்கும் மேய்ச்சல் நிலத்துக்கும் உள்ள நியாயத்தைப் போல எண்ணிக்கொள்ளலாம். சட்டத்தில் எழுதியிருப்பவை நன்றாகவே இருக்கின்றன. பிரஜைகள் உண்மையை அறியும் உரிமையைக் காப்பதும், விவசாயம், கிராம அபிவிருத்தி, கல்வி, சுகாதாரம் ஆகியவற்றில் விசேஷ கவனம் செலுத்துவதும் அந்த ஸ்தாபனத்தின் கடமைகள் என்று அது கூறுகிறது. ஜனங்களின் புகார்களை விசாரிக்க ஒலிபரப்புக் கவுன்சில் ஒன்றையும் அது வகுக்கிறது. ஆனால் செலவுக்குப் பணம் சர்க்காரிடமிருந்து வருகிறது. உயர் நியமனங்களில் சர்க்காரின் கை இருக்கிறது. இங்கிலாந்தில் பி. பி. சி. ஸ்தாபனம் 1927 முதல் வீட்டுக்கு வீடு வாங்கும் கட்டணத்தைப் பெரிதும் நம்பி நடந்து வந்திருப்பதன் காரணம் இதுவே. பணம் எவரிடமிருந்து வருகிறதோ அவர் முகத்தைப் பார்த்தே குரல் எழும். வெளியார் பணத்தில் மட்டும் நடக்கும் சங்கம் எப்படிப்பட்டதென்று அங்கத்தினர்களுக்கு விரித்துரைக்க வேண்டியதில்லை.

பெயரைப் பற்றிய சச்சரவும் ஒன்று உண்டு. 1957-ல் 'ஆகாசவாணி' என்ற பெயர் வந்ததும், 2023-ல் அப்பெயரையே வழங்கவேண்டுமென்று உத்தரவானதும் தமிழ்நாட்டில் ஆக்ஷேபிக்கப்பட்டன. 'வானொலி' என்ற சொல் தமிழர் நாவில் ஊறிவிட்ட சொல், ஆக்ஷேபம் நியாயமானதே. ஆயினும் பெயருக்காக எழுந்த குரலில் பாதியாவது நிகழ்ச்சிக்காக எழுந்ததா என்று கேட்பதும் நியாயமே.

இனி இப்பக்கத்துச் சங்கதிக்கு வருவோர் முதலில் காண வேண்டியது, தஞ்சைக்குச் சொன்னதைப் பெரம்பலூருக்குச் சொன்னால் போதாது என்பதாம். தஞ்சைக்கு ஆறும் வாய்க்காலும் உண்டு. பெரம்பலூர் ஜில்லா கரிசல் காட்டில் மானாவாரியாக மக்காச்சோளமும் பருத்தியும் விளைவது. கிணற்றுப் பாசனத்தில் சின்ன வெங்காயம் பயிராவது. ஜயங்கொண்டம், செந்துறை, ஆண்டிமடம் பக்கம் முந்திரிக் காடு. அரியலூரைச் சுற்றிச் சுண்ணாம்புக்கல் சுரங்கமும் சிமிண்டு ஆலையும், அவற்றால் லாரிப் புழுதியும். திருமானூர்ப் பக்கம் கொள்ளிடக் கரையில் நெல்; மேட்டூர் நிரம்பி உபரிநீர் கொள்ளிடத்தில் திரும்பினால் அங்கே வெள்ளபயம். ஒரே ஜில்லாவுக்குள்ளேயே ஒருவன் மழையில்லையென்று வானத்தைப் பார்க்க, மற்றொருவன் வெள்ளம் வருமென்று ஆற்றைப் பார்க்கிறான். "தமிழகத்தில் பரவலாக மழை பெய்யக்கூடும்" என்ற ஒரே வாக்கியம் இருவருக்கும் உதவாது.

2018-ஆம் வருஷத்து மக்காச்சோள நஷ்டத்தை இவ்விரு ஜில்லாக்களிலும் அறியாதார் இலர். அமெரிக்காக் கண்டத்துப் படைப்புழு அவ்வருஷம் மே மாதத்தில் கர்நாடகத்தில், சிவமொக்கா பக்கத்தில், இந்தியாவில் முதன்முதலாகக் கண்டுபிடிக்கப்பட்டது. அதன் அந்துப்பூச்சி காற்றோடு வெகு தூரம் பறந்து செல்ல வல்லது. ஒவ்வொன்றும் நூற்றுக்கணக்கில் முட்டையிடக் கூடியது. பெரம்பலூரிலும் அரியலூரிலும் மானாவாரி மக்காச்சோளம் விதைப்பது புரட்டாசி மழையை ஒட்டி. மே மாதத்துக்கும் புரட்டாசிக்கும் இடையே நாலு மாதம் இருந்தன. அவ்வருஷப் பயிரில் புழு குருத்துக்குள் புகுந்து அறுத்தபின், எந்த மருந்து அடிப்பது என்று கடைக்குக் கடை விசாரித்துத் திரிந்த குடியானவர் பலர். கோடை உழவு செய்து கூட்டுப் புழுவை வெளிக்கொணர்வது, வேப்பம் பிண்ணாக்கு இடுவது, விதைநேர்த்தி செய்வது, வரப்போரத்தில் பயறு விதைப்பது, இனக்கவர்ச்சிப் பொறி வைப்பது முதலிய யோசனைகளெல்லாம் விதைப்புக்கு முன்னும் பயிர் சிறிதாயிருக்கும்போதும் செய்யத் தக்கவை. புழு பெருத்துக் குருத்துக்குள் ஒளிந்தபின் மருந்துக்கு அது எளிதில் அகப்படாது.

அவ்வருஷம் எந்த நிலையம் எந்தத் தேதியில் என்ன சொல்லிற்று என்பதைக் கிளறுவது இங்கே நோக்கமன்று. பொது ஒலிபரப்பு எதற்கு இருக்கிறது என்பதற்கு இதுவே உரைகல். நாலு மாதத் தவணை கிடைத்த ஓர் ஆபத்தில், சிவமொக்காவில் நஷ்டப்பட்ட குடியானவனின் குரலைத் தமிழில் பெரம்பலூர்க் குடியானவன் வாரந்தோறும் கேட்டிருக்க வேண்டும். விளம்பரத்தால் பிழைக்கும் தனியார் நிலையம் இதைச் செய்யாது. செய்ய வேண்டுமென்று அதனைக் கேட்கவும் முடியாது. கைப்பேசியில் வரும் செய்திகளிலோ சொன்னவன் பெயருமில்லை, ஊருமில்லை; மருந்து விற்பவன் எழுதியதும் விஞ்ஞானி எழுதியதும் ஒரே வேஷத்தில் வருகின்றன. வானொலிக்கு ஒரு விலாசம் இருக்கிறது. தப்பாகச் சொன்னால் போய்க் கேட்கலாம். இந்த ஒன்றுக்காகவே அதனைக் காப்பாற்ற வேண்டும். இந்த ஒன்றைச் செய்யாவிட்டால் அதனைக் கண்டிக்கவும் வேண்டும்.

விலை விஷயமும் அப்படியே. சின்ன வெங்காயத்தின் விலை ஒரு மாதத்தில் ஏறி மறுமாதத்தில் விழுவது வழக்கமாயிருக்கிறது. பட்டறை போட்டு வைத்திருப்பவன் இன்று எடுப்பதா, பத்து நாள் பொறுப்பதா என்று தீர்மானிக்க, திண்டுக்கல் சந்தையிலும் திருச்சிச் சந்தையிலும் நேற்று விற்ற விலை மட்டுமல்ல, எவ்வளவு சரக்கு வந்தது என்பதும் தெரிய வேண்டும். பருத்திக்கு ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்து ஏல விலை தெரிய வேண்டும். விலையைப் படித்துவிட்டுப் போவது சுலபம். அது ஏன் விழுந்தது என்று ஒரு வியாபாரியையும் ஒரு குடியானவனையும் எதிரெதிரே உட்கார்த்திக் கேட்பதே வானொலிக்குரிய வேலை.

அலை சிறியதாயிருந்தால் குரல் நெருங்கிவரும் என்பதற்கும் ஒரு திருஷ்டாந்தம் இருக்கிறது. 2004 பிப்ரவரி 1-ல் சென்னை அண்ணா பல்கலைக்கழகத்தில் தேசத்தின் முதல் கல்லூரிச் சமுதாய வானொலி தொடங்கிற்று. 2006-ல் விதிகள் தளர்ந்து, தொண்டு ஸ்தாபனங்களும் வேளாண் அறிவியல் நிலையங்களும் அத்தகைய சிறு நிலையம் வைக்க இடமுண்டாயிற்று. சாதாரணமாக 100 வாட் சக்தி. பத்துப் பதினைந்து கிலோமீட்டர் எட்டும். 2008 அக்டோபர் 15-ல் தெலுங்கு நாட்டில் ஜஹீராபாத் பக்கம் மாச்சனூர் கிராமத்தில், சிறு தானியம் பயிரிடும் ஏழைத் தலித் பெண்களின் சங்கத்தார் 'சங்கம் ரேடியோ' என்ற பெயரிலேயே ஒன்றைத் தொடங்கினர். பேசுபவரும் பதிவு செய்பவரும் அப்பெண்களே. விதையையும் மண்ணையும் பற்றிய பேச்சு அவர்கள் ஊர்த் தெலுங்கிலேயே நடக்கிறது. இத்தகைய நிலையங்கள் சொந்தமாகச் செய்தி சேகரித்துச் சொல்லக் கூடாது, அகில இந்திய வானொலியின் செய்தியையே எடுத்துப் போட வேண்டும் என்பது விதி. இவ்விதி பழைய பெட்டியின் பூட்டையே நினைப்பூட்டுகிறது. பெரம்பலூர் ஜில்லாவில் வாலிகண்டபுரத்திலும், அரியலூர் ஜில்லாவில் சோழமாதேவியிலும் வேளாண் அறிவியல் மையங்கள் இருக்கின்றன. விதியின் வாசல் அவற்றுக்குத் திறந்தே இருக்கிறது. அங்கத்தினர்கள் அங்கே போய் இது குறித்துப் பேசிப் பார்க்கத் தடையில்லை.

அதற்குக் காலமாகலாம். அதுவரை ஒவ்வொரு சங்கமும் செய்யக்கூடிய சிறு காரியம் ஒன்றுண்டு. இதற்குச் செலவு ஒரு நோட்டுப் புஸ்தகமே. சங்கக் கட்டிடத்தில், பெண்களும் வந்து உட்காரத் தக்க நேரத்தில், வாரத்தில் ஒரு நாள் பண்ணை நிகழ்ச்சியைச் சேர்ந்து கேட்பது. நோட்டில் நாலு பத்திகள் வரைவது: தேதி, சொன்ன விஷயம், இவ்வூருக்கு அது பொருந்துமா, பொருந்தாதாயின் ஏன், இவ்வூருக்கு வேண்டியிருந்தும் சொல்லாமல் விட்டது எது. மாதக் கடைசியில் நாலாவது பத்தியை மட்டும் பிரதி செய்து, தலைவர் காரியதரிசி கையெழுத்துடன் திருச்சி நிலையத்து விவசாய ஒலிபரப்புப் பகுதிக்கு அனுப்புவது. ஒரு குடியானவனின் கடிதம் குறையாகத் தோன்றும். நாற்பது சங்கங்களின் கடிதம் ஒரே மாதத்தில் ஒரே விஷயத்தைக் கேட்டால், அதை மேஜையினின்று தள்ளுவது எந்த அதிகாரிக்கும் சுலபமன்று. பதில் வந்தால் அதைச் சங்கத்துச் சுவரில் ஒட்டலாம். வராவிட்டால், அனுப்பிய கடிதங்களின் நகலை வருஷாந்தரப் பொதுக்கூட்டத்தில் வாசித்து, தீர்மானப் புஸ்தகத்தில் ஏற்றி, அத்தீர்மானத்தை பாராளுமன்ற அங்கத்தினருக்கு ஒரு பிரதி அனுப்பி, மறுமாதம் மறுபடியும் எழுதலாம்.